தராசுக்கு நேற்று கிடையாது

பெரியவள் எந்தப் பக்கம் வாய் திறப்பது என்பதை அவளே முடிவு செய்த காலம் போய் ஒரு தலைமுறை ஆகிவிட்டது. இப்போதெல்லாம் அதைத் துறைநகரில் குளிரூட்டிய அறை ஒன்றில் இருக்கும் இயந்திரம் முடிவு செய்கிறது. அதற்குத் தராசு என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

மொலாரித் தீவு என்பதே கடலுக்கு மேல் தலைநீட்டிய ஓர் எரிமலைதான். அரசாங்க வரைபடத்தில் மலைக்கு வேறு பெயர் உண்டு. வனிலாத் தோட்டங்களுக்காகக் கப்பலில் வந்து இறங்கிய தமிழர்கள் பார்த்த மாத்திரத்தில் அவளைப் பெரியவள் என்றார்கள். ஐந்து தலைமுறைக்குப் பிறகும் கிழக்குச் சரிவில் அதே பெயர்தான். வடக்கே அவளுடைய முதுகு, எந்தத் துளைக்கருவியும் இறங்காத பழைய பாறை. அந்தப் பாறையின் நிழலில்தான் துறைநகர் பத்திரமாக உட்கார்ந்திருக்கிறது. மற்ற மூன்று பக்கமும் மலை வாரியம் ஆழக் குழாய்களை இறக்கியிருக்கிறது. வயிற்றில் நெருப்புக் குழம்பு ஏறும்போது ஏதாவது ஒரு பக்கத்துக் குழாய்களைத் திறந்துவிட்டால், அந்தப் பக்கமாக அது பாகு போல மெதுவாக வழிந்து இறங்கும். வெடிப்பு இல்லை, சாம்பல் மழை இல்லை, சாவு இல்லை. எந்தப் பக்கம் திறந்தால் இழப்பு குறைவோ அந்தப் பக்கம் திறக்க வேண்டும் என்பது சட்டம். தீவின் எல்லாப் பள்ளிக்கூடத்திலும் பிள்ளைகள் இதை மனப்பாடமாகச் சொல்வார்கள்.

தெய்வானையும் சொல்லியிருக்கிறாள். அழகாகச் சொன்னதற்குப் பரிசுகூட வாங்கியிருக்கிறாள்.

வளர்ந்த பிறகு அவள் வாரியத்தின் தமிழ்க் குரல் ஆனாள். கிழக்குச் சரிவில் கம்பம் கம்பமாக நட்டிருக்கும் ஒலிபெருக்கிகளில் வரும் எச்சரிக்கை அவள் பேசியது. "கிழக்குச் சரிவு மக்கள் கவனிக்கவும். வீடுகளை விட்டு வெளியேறி, துறைமுகக் கூடங்களுக்குச் செல்லும் பேருந்துகளில் ஏறவும்." பதிவு செய்த அன்று 'வெளியேறி' என்ற இடத்தில் குரல் பிசிறிவிட்டதோ என்ற சந்தேகத்தில், போதும் போதும் என்று அவர்கள் சொல்லும்வரை திரும்பத் திரும்பப் பேசினாள். அவளுக்கு எதிலும் அப்படித்தான். கதவைப் பூட்டிவிட்டு இழுத்துப் பார்ப்பாள். நாலு எட்டு போய்விட்டுத் திரும்பி வந்து இன்னொரு முறை இழுத்துப் பார்ப்பாள். அவ்வளவு கவனமாகப் பேசிய அந்த வாக்கியம் மூன்று வருடத்துக்கு முன்பு கிழக்குச் சரிவின் தோட்டக் குடியிருப்பான ஏழாம் முகாமில் அவளுடைய அம்மா பாக்கியத்தின் வாசலிலேயே ஒலித்தது. துறைமுகக் கூடத்தில் விரித்த பாயில் உட்கார்ந்தபடி அம்மா சொன்னது ஒன்றே ஒன்றுதான்: "சொந்த அம்மாவையே வீட்டை விட்டுப் போகச் சொல்றே. அதையும் எவ்வளவு மரியாதையாச் சொல்றே."

அது இரண்டாவது முறை. அதற்கு முந்தைய முறையும் கிழக்குதான்.

இப்போது பெரியவள் மறுபடி வீங்கத் தொடங்கியிருந்தாள். பழைய பதிவு சரியாக ஒலிக்கிறதா என்று பார்த்துச் சொல்லும்படி தெய்வானைக்கு உத்தரவு வந்தது. காதில் மாட்டிக் கேட்டாள். குரல் தெளிவாகத்தான் இருந்தது. கேட்டு முடித்ததும் ஒரு கேள்வி எழுந்தது. தராசு இன்னும் தன் முடிவைச் சொல்லவில்லை. பிறகு ஏன் கிழக்குப் பதிவை மட்டும் சரிபார்க்கச் சொல்கிறார்கள்?

தராசைக் கவனிக்கும் பொறியாளன் எடுவார் சொக்கலிங்கத்திடம் போனாள். பெயரில்தான் சொக்கலிங்கம், துறைநகரில் பிறந்து வளர்ந்தவன். தமிழ் காதில் விழுந்தால் பாதிக்கு மேல் புரியும், வாயில் வராது. இருவரும் பேசிக்கொள்வது தீவின் கலப்பு மொழியில். நல்லவன், யார் எது கேட்டாலும் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்து விளக்குவான். இழப்பு என்பதை எப்படி எண்ணுகிறீர்கள் என்று அவள் கேட்டபோதும் அப்படித்தான் விளக்கினான்.

மதிய வெளிச்சத்தில் ட்ரோன் மூன்று சரிவுகளின் மேலும் பறக்கும். கூரைகளை எண்ணும்; போன தடவைவரை நிலத்தின் விலையைக் கூட்டிப் பார்த்தார்கள், இப்போது கூரைதான். எந்தப் பக்கம் கூரை குறைவோ அந்தப் பக்கம்.

"ஆட்களை எண்ணுவதில்லையா?"

"ஆட்களுக்குக் கால் இருக்கிறதே. பேருந்தில் ஏற்றிவிடுகிறோம். நெருப்பு தின்பது கூரையைத்தான். அதனால் கூரையை எண்ணுகிறோம்." அதில் ஒரு குறையும் இல்லை என்பதுபோல அவன் முகம் மலர்ந்திருந்தது.

"கிழக்கில் எத்தனை?"

"இந்த வாரம்வரை ஒன்றுமில்லை. வெறும் மண்."

ஏழாம் முகாமில் மட்டும் இருநூறு குடும்பம் இருக்கிறது. ஆனால் குழம்பு ஓடிய மண்ணில் மூன்று மழைக்காலம் போகும்வரை கூரை போடக் கூடாது என்பது கிழக்கின் கட்டு. பெரியவள் நடந்த மண் மூச்சு விட வேண்டும், பகலில் அதற்கும் வானத்துக்கும் நடுவில் எதுவும் நிற்கக் கூடாது. சாயங்காலம் கம்புகளில் தார்ப்பாயைக் கட்டுவார்கள்; விடிந்ததும் அவிழ்த்து மடித்து வைத்துவிடுவார்கள். மதியத்தில் மேலேயிருந்து பார்க்கிறவனுக்கு அங்கே ஒரு குஞ்சுகூட இல்லை.

இதையெல்லாம் அவனிடம் சொன்னாள். அவன் உண்மையாகவே வருத்தப்பட்டான். மூன்றாவது மழை எப்போது முடியும் என்று கேட்டான். இந்த மழைதான், முடியப்போகிறது என்றாள். கொஞ்சம் முந்திக்கொண்டுவிட்டது மலை என்று தலையை ஆட்டினான்.

"போன தடவை எங்கள் வீடுகள்மேல் திறந்துவிட்டீர்கள். திறந்ததால் எங்களுக்குக் கூரை இல்லை. கூரை இல்லாததால் இந்தத் தடவையும் எங்கள்மேல். அப்படியென்றால் அடுத்த தடவையும், அதற்கடுத்த தடவையும்?"

எடுவார் இதை யோசித்ததில்லை என்பது அவன் கண் சிமிட்டலிலேயே தெரிந்தது. பிறகு மெதுவாகச் சொன்னான்: "தராசுக்கு நேற்று கிடையாது, தெய்வானை. இன்று மதியம் என்ன நிற்கிறதோ அதுதான் அதற்குத் தெரியும்." கிளம்புகிறவளைக் கூப்பிட்டு, பாதி விளையாட்டாகவும் பாதி நிஜமாகவும், "குழாய் திறக்கும்வரை தினமும் எண்ணிக்கை நடக்கும். கூரையைப் போட்டுவிடுங்களேன்" என்றான்.

பேருந்தில் கிழக்கே போகும் வழியெல்லாம் எடுவார் சொன்ன ஒரு சொல் அவளை அரித்தது. வெறும் மண்ணாம். அம்மா மூன்று வருடமாகக் கொடிக்குத் தண்ணீர் சுமந்த மண். குழம்பு தொடாமல் விட்ட திட்டுகளில்தான் வனிலாவை நட்டிருந்தார்கள். வனிலாக்கொடி முதல் பூ விட மூன்று வருடம் ஆகும். போன வாரம்தான் ஏழாம் முகாமில் முதல் மொட்டு விரிந்திருந்தது. ஒரு பூ ஒரே ஒரு காலைதான் விரிந்திருக்கும். அதற்குள் ஈர்க்குச்சியால் மகரந்தத்தைத் தொட்டு வைக்காவிட்டால் காய் இல்லை. அவள் போய் இறங்கியபோது அம்மா கொடிக்கடியில்தான் நின்றாள், உதட்டில் ஈர்க்குச்சியைக் கவ்விக்கொண்டு. "குரல் வந்தா ஒலிபெருக்கியில வருமே, நேர்ல வந்திருக்கு" என்று மகளை வரவேற்றாள்.

அன்று மாலை கோவில் முற்றத்தில் ஊர் கூடியது. தெய்வானை சொல்லச் சொல்ல முதலில் யாரும் நம்பவில்லை. அப்புறம் நம்பினார்கள், கோபம் அப்போதுதான் வந்தது. அவளுடைய தம்பி தணிகாசலம், ட்ரோன் வரும்போது கல்லால் அடிக்கலாம் என்றான். ஓர் அம்மாள், நாமெல்லாம் மதியத்தில் மல்லாந்து படுத்துக்கொண்டால் ஆளாவது தெரியும் என்றாள். கூட்டுறவுச் சங்கத்தின் லாரி ஓட்டும் மர்லேன் அக்காதான் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நேராக விஷயத்துக்கு வந்தாள்.

"தகரம் இருக்கு. கம்பு இருக்கு. போட்டுட்டுப் போவோம்."

தகரம் இருந்தது உண்மைதான். ஏழாம் முகாமில் எச்சரிக்கை வந்தால் பேருந்து ஆளை ஏற்றும், மர்லேனின் லாரி கூரைத் தகடுகளை ஏற்றும். அதற்காகவே இங்கே யாரும் தகட்டை ஆணி வைத்து அடிப்பதில்லை, திருகாணிதான். ஊரின் கூரைகளெல்லாம் சங்கக் கிடங்கில் அடுக்கடுக்காக மூன்று வருடமாகத் தூங்கிக்கொண்டிருந்தன.

கோவில் தலைவர் கதிரேசு மாமா மட்டும் எழுந்திருக்கவில்லை. கட்டு என்பது சும்மா வந்ததில்லை என்றார். முதல் தடவை நெருப்பு வந்து போனபோது, மழைக்குக் காத்திருக்க முடியாமல் கூரையும் சுவரும் எழுப்பிக் கதவைச் சாத்திக்கொண்டு படுத்த ஒரு குடும்பம் காலையில் எழுந்திருக்கவில்லை. மண்ணிலிருந்து கசிந்த காற்று. அது அவருடைய தங்கை குடும்பம். எல்லோருக்கும் தெரிந்த கதைதான், ஆனாலும் அவர் வாயால் அதைச் சொல்லி யாரும் கேட்டதில்லை.

மர்லேன் அக்கா குரலைத் தணித்துக்கொண்டாள். "சுவர் வேண்டாம் மாமா. நாலு கம்பு, மேல தகரம். கீழ யாரும் படுக்க வேண்டாம். நாம பாட்டுக்குத் தார்ப்பாய்லயே கெடப்போம்."

"யாரும் படுக்காத கூரை ஒரு கூரையா?"

"மேற்குச் சரிவுல போய்ப் பாருங்க. வருஷம் பூரா யாரும் படுக்காத கூரைதான் அத்தனையும். சீசனுக்கு ஒரு வாரம் வந்து குளிச்சிட்டுப் போறாங்க. அதெல்லாம் கணக்குல வருதே."

யாரோ சிரித்தார்கள். மாமா சிரிக்கவில்லை. மலையைப் பார்த்துவிட்டு எழுந்து போய் ஒரு கட்டிக் கற்பூரம் ஏற்றினார். தப்பு என்றால் என் தலையில் வை, பிள்ளைகள் தலையில் வைக்காதே என்று பெரியவளிடம் சொன்னார். பிறகு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கிடங்குக்கு முதல் ஆளாக நடந்தார்.

மறுநாள் மதியத்துக்குள் சரிவு முழுக்கத் தகரம் மின்னியது. சுவரில்லாத, ஆளில்லாத கூரைகள், கண்காட்சிக்கு வைத்ததுபோல. ட்ரோன் வந்தது, ரீங்காரமிட்டபடி நிதானமாகப் போய்த் திரும்பியது. கீழே பெண்கள் கொடிக்கடியில் நின்று முந்தானையால் கண்ணை மறைத்துக்கொண்டு பார்த்தார்கள். "நல்லா எண்ணிக்கோடா ராசா, ஒண்ணு விட்டுறாதே" என்றாள் பாக்கியம்.

தெய்வானை துறைநகருக்குத் திரும்பிய அன்றே முடிவு வந்துவிட்டது. எடுவார் வாசலுக்கே வந்து கை கொடுத்தான். கிழக்கு இல்லை. அவள் அங்கிருந்த படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். அம்மாவின் கொடி காய் பிடிக்கும். வீட்டுக்குச் சுவர் வரும். கொஞ்ச நேரம் வேறெதுவும் அவள் மனத்தில் இல்லை. பிறகுதான், எதையும் இரண்டு முறை இழுத்துப் பார்க்கிற அந்தப் புத்தி விழித்துக்கொண்டது.

"அப்படியென்றால் எந்தப் பக்கம்?"

"தெற்கு. உப்பளம். அங்கே பத்துப் பன்னிரண்டு கூரைதான்."

அவளுக்கு உப்பளம் தெரியும். வெளித்தீவுகளிலிருந்து உப்பு வார வந்தவர்கள். முதலாளி கட்டிக்கொடுத்த நீளக் கொட்டகைகளில் இருக்கிறார்கள். ஒரு கொட்டகைக்குள் சாக்குத் தடுப்புப் போட்டு நாற்பது ஐம்பது குடும்பம். நாற்பது அடுப்பு, நாற்பது தொட்டில், ஒரே கூரை. தராசு அதை ஒன்று என்று எழுதியிருக்கிறது. சமையல்காரனும் தோட்டக்காரனும் மட்டும் இருக்கும் மேற்குச் சரிவு மாளிகையையும் அதே ஒன்று என்று எழுதியிருக்கிறது.

"நாங்கள் கூரை போட்டதால்தான் அவர்கள்மேல் போகிறது" என்றாள்.

"சட்டப்படி..." என்று தொடங்கினான் எடுவார். அவள் அதற்குள் தொலைபேசியை எடுத்திருந்தாள்.

மர்லேன் அக்காவைத் தொலைபேசியில் அழைத்துச் சொன்னாள். அந்தப் பக்கம் நல்ல வார்த்தை எதுவும் வரவில்லை. அக்கா வாரியத்தைத் திட்டினாள், தராசைத் திட்டினாள், அதைக் கண்டுபிடித்தவனின் தாயையும் விடவில்லை. பிறகு தொலைபேசியைத் தாழ்த்தாமலே ஊரிடம் சொன்னாள். தணிகாசலத்தின் குரல் தெய்வானைக்கு நன்றாகக் கேட்டது. அவர்கள் நமக்கு யார், இரண்டு தடவை நாம் எரிந்தோமே, அப்போது யார் நமக்காக வந்து நின்றார்கள் என்று கேட்டான். அவன் கேட்டதில் நியாயம் இல்லை என்று தெய்வானையால் சொல்ல முடியவில்லை. அம்மாவின் கொடியை நினைத்தாள்.

பதில் சொன்னது அம்மாதான். "துறைமுகக் கூடத்துல மூணு மாசம் கெடந்தோமே. சோறு வாரியம் போட்டுச்சு. அதுக்குத் தொட்டுக்கக் கருவாடு கொண்டாந்தது யாருடா? உப்பளத்து ஹலீமாவும் அவ ஆளுங்களும். நடந்தே கொண்டாந்தாங்க. நீதான் எலும்பு எலும்பாச் சப்பிப் போட்டே."

தணிகாசலம் திருகாணி கழற்றப் போய்விட்டான் என்று அக்கா பின்பு சொன்னாள்.

பாதித் தகடுகள் இறங்கின. லாரி மலையைச் சுற்றும் சாலையில் உப்பளத்துக்கும் ஏழாம் முகாமுக்கும் இடையே ஓடியது. ஹலீமா முதலில் சந்தேகப்பட்டாளாம். கிழக்குக்காரர்கள் தகரம் விற்க வந்திருக்கிறார்கள் என்று நினைத்து விலை கேட்டாளாம். விஷயம் புரிந்ததும் உப்பு வாரும் பலகைகளையே கால்களாக நட்டு, பாத்திகளின் நடுவரப்பெல்லாம் கூரை நிறுத்திவிட்டார்கள். கிழக்கில் நூறு சொச்சம், தெற்கில் நூறு சொச்சம். மதியம் ட்ரோன் பறந்தது. மேற்குச் சரிவின் மாளிகைகள் ஒவ்வொன்றும் அரண்மனைபோலப் பெரியவை. ஆனால் எண்ணிக்கையில் அறுபதைத் தாண்டாது.

தராசு யாரையும் கேட்காமல், யாருக்கும் அஞ்சாமல் எழுதியது: மேற்கு.

அன்று வாரியத்துக்குள் எவருமே சத்தமாகப் பேசவில்லை. இயக்குநர் தெலொர்ம் மாடியிலிருந்து இறங்கி வந்து, பெரிய மனிதர்கள் நாலைந்து பேரோடு கூட்ட அறையில் கதவைச் சாத்திக்கொண்டார். தெய்வானையை ஒலிபரப்பு அறையில் காத்திருக்கச் சொன்னார்கள். எடுவார் அங்கே கணினியின் முன் உட்கார்ந்து எதையோ தேடிக்கொண்டிருந்தான். தேடி முடித்துவிட்டு, திரும்ப முதலிலிருந்து தேடினான்.

"என்ன தேடுகிறீர்கள்?"

"மேற்குக்கான எச்சரிக்கைப் பதிவு. கிழக்குக்கு உன் குரல் இருக்கிறது. தெற்குக்கு வெளித்தீவு மொழியில் ஒருவர் பேசியிருக்கிறார். மேற்குக்கு..." திரையை அவள் பக்கம் திருப்பினான். எந்த மொழியிலும் இல்லை. மேற்குக்காரர்களே வீட்டில் பேசுகிற மொழியில்கூட இல்லை.

தெய்வானை எதையும் அவசரமாக நம்புகிறவள் இல்லை. மறந்திருப்பார்கள் என்று முதலில் நினைத்தாள். முப்பது வருடமாகவா மறப்பார்கள் என்று அடுத்து நினைத்தாள். அதற்கடுத்த எண்ணம் வந்தபோது அவள் குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது.

"மேற்கில் குழாய் இருக்கிறதா?"

"குழாய்த் தலைகள் இருக்கின்றன. நீயும் பார்த்திருப்பாய். சாலையோரம், வாரிய முத்திரையோடு, வருடா வருடம் வண்ணம் அடிப்பார்கள்."

"தலைக்குக் கீழே?"

எடுவார் ஜன்னலுக்கு வெளியே பார்த்தான். "நான் தலைகளைத்தான் பார்த்திருக்கிறேன்" என்றான்.

கதவு திறந்தது. தெலொர்ம் உள்ளே வந்தார். களைத்த, கனிவான முகம். இந்த முறை தராசைப் பயன்படுத்துவதில்லை என்று தீர்மானித்திருக்கிறோம் என்றார். இயந்திரங்களை நம்பி நாம் இயற்கையை மறந்துவிட்டோம். மலை தன் வழியைத் தானே தேர்ந்தெடுக்கட்டும். உங்கள் மக்கள் அதற்கு ஓர் அழகான பெயர் வைத்திருக்கிறார்களே, அதைச் சொல்லியே அறிவியுங்கள் என்று அவளைக் கேட்டுக்கொண்டார். பெரியவளின் விருப்பத்துக்கு விடுகிறோம் என்று சொல்ல வேண்டும். பிறகு பாதுகாப்புக்காக, வழக்கம்போலக் கிழக்கு மக்களை மட்டும் துறைமுகக் கூடங்களுக்குப் போகச் சொல்ல வேண்டும்.

"அவள் விருப்பம் என்றால் ஏன் கிழக்கு மட்டும்?" என்று கேட்டாள் தெய்வானை.

தெலொர்ம் எடுவாரைப் பார்த்தார். எடுவார் தரையைப் பார்த்தபடி, பாடம் ஒப்பிப்பவன்போலச் சொன்னான்: "இரண்டு முறை திறந்த பக்கம். அங்கே பாறை இளகிக் கிடக்கிறது. இனி விட்டால் அங்கேதான் வரும்."

"அப்படியென்றால் அது அவள் விருப்பம் இல்லை, ஐயா. நீங்கள் வெட்டிய வாய்க்கால்."

தெலொர்ம் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் அவள் பயந்துபோயிருப்பாள். ஒரு குழந்தையின் பிடிவாதத்தைப் பார்ப்பதுபோலப் புன்னகைத்தார். உன் வருத்தம் புரிகிறது, முதலில் அறிவிப்பைச் செய், மக்கள் உயிர் முக்கியம் அல்லவா என்றார். அந்த ஒரு விஷயத்தில் அவர் சொன்னது சரி என்பதுதான் அவளுக்குப் பொறுக்கவில்லை. நெருப்பு வரத்தான் போகிறது. அம்மா வெளியேறத்தான் வேண்டும். கொடி, மொட்டு, நட்ட கம்பு, ஏற்றிய கற்பூரம், எல்லாம் போகத்தான் போகிறது. அதையும் அவளே மரியாதையான குரலில் சொல்ல வேண்டும்.

ஒலிவாங்கியின் முன் உட்கார்ந்தாள். சிவப்பு விளக்கு எரிந்தது. தெலொர்முக்குத் தமிழ் தெரியாது. அவள் குரலின் நிதானம் மட்டும்தான் அவருக்குத் தெரியும். அந்த நிதானத்தில் அவள் ஓர் இழைகூடக் குறைக்கவில்லை.

"கிழக்குச் சரிவு மக்கள் கவனிக்கவும். நான் தெய்வானை பேசுகிறேன். நம் பக்கம்தான் வரப்போகிறது. இதைப் பெரியவள் முடிவு செய்யவில்லை. மேற்கே குழாய் போடவே இல்லை போலிருக்கிறது. அந்தப் பக்கத்தை எச்சரிக்க ஒரு குரலைக்கூடப் பதிவு செய்து வைக்கவில்லை. அப்படியானால் தீவில் நெருப்பு போகவே போகாத சரிவு அதுதான். வீடுகளை விட்டு வெளியேறி, பேருந்துகளில் ஏறவும். துறைமுகக் கூடங்களுக்குப் போக வேண்டாம். மேற்கே போகவும். கூரைகளை எடுத்துச் செல்லவும். உப்பளத்தாருக்கும் சொல்லவும்."

மூச்சு வாங்கிக்கொண்டு எடுவாரைப் பார்த்தாள். பாதிக்கு மேல் அவனுக்குப் புரிந்திருந்தது. ஒலிபரப்பை நிறுத்தும் பொத்தான் அவன் விரலுக்கு அடியிலேயே இருந்தது. தெலொர்ம், சரியாகச் சொன்னாளா என்று அவனிடம் கேட்டார்.

"சரியாகச் சொன்னாள்" என்றான் எடுவார். விரலைப் பொத்தானிலிருந்து எடுத்துப் பைக்குள் விட்டுக்கொண்டான். "வழக்கம்போல இரண்டாவது முறையும் சொல்லட்டும்."

இரண்டாவது முறை சொன்னபோது அவள் குரல் எங்கேயும் பிசிறவில்லை.

மேற்குச் சரிவின் வாயிலில் காவலாளி சங்கிலியைப் பிடித்துக்கொண்டு நின்றார். பேருந்துகள் வரிசையாக வந்து நின்றன. பின்னால் தகரம் குலுங்க மர்லேனின் லாரி, அதற்கும் பின்னால் உப்பளத்திலிருந்து நடந்து வந்தவர்கள். யார் அனுமதி கொடுத்தது என்று அவர் கேட்டதற்கு, வாரியத்தின் ஒலிபெருக்கியில் சொன்னார்களே, உங்களுக்குக் கேட்கவில்லையா என்றாள் மர்லேன் அக்கா. அவர் கூட்டத்தைப் பார்த்தார். முதுகுக்குப் பின்னால் சாத்திக் கிடந்த மாளிகைகளைப் பார்த்தார். சங்கிலியைக் கழற்றிவிட்டு, தன் நாற்காலியை நகர்த்தி ஓரமாகப் போட்டுக்கொண்டார்.

தெய்வானை வந்து சேர்ந்தபோது வேலை போயிருந்தது. அதைப் பற்றி அவள் யாரிடமும் சொல்லவில்லை, யாரும் கேட்கவுமில்லை. மலையின் தோளுக்கு அப்பால் கிழக்கு வானம் செம்மண் நிறத்தில் புகைந்துகொண்டிருந்தது. ஏழாம் முகாம் இருந்த திசையை யாரும் நேராகப் பார்க்கவில்லை. அம்மா ஈரச் சாக்கில் சுற்றிய கொடித் துண்டுகளை மடியில் வைத்துக்கொண்டு, வெட்டிச் சமன் செய்த புல்வெளியின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். விரிந்த பூக்களை என்ன செய்தாய் என்று தெய்வானை கேட்டாள். "தொட்டு வச்சிட்டுத்தான் வந்தேன்" என்றாள் அம்மா. "காயாகாதுன்னு தெரியும். சும்மா விட்டுட்டு வர மனசில்லே."

தணிகாசலமும் ஹலீமாவின் ஆட்களும் கம்புகளை நட்டுவிட்டு நின்றார்கள். தகட்டை யாரும் தூக்கவில்லை. எல்லோரும் கதிரேசு மாமாவைப் பார்த்தார்கள்.

அவர் மண்டியிட்டார். புல்லை விலக்கி, மண்ணில் உள்ளங்கையை அழுத்தி வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். கை எடுக்க வெகுநேரம் ஆயிற்று. எடுத்தபோது அவர் முகத்தில் இருந்தது பக்தி இல்லை. முற்றத்தில் தங்கையைப் பற்றிச் சொன்ன அன்றுகூட அவரிடம் தெய்வானை அப்படி ஒரு கோபத்தைப் பார்த்ததில்லை.

"குளுகுளுன்னு இருக்கு" என்றார். "இங்க அவ ஒரு தடவைகூட நடந்ததில்லை. நடக்க விடலை. எந்த மழைக்கும் காத்திருக்க வேண்டாம், சுவரும் சேத்தே எழுப்புங்க."